பாட்டுத் திருடி

லவெல் ஓபரா குழு பல்லாரட் நகரில் வந்திறங்கிய மறுநாள், திங்கட்கிழமை, ஒத்திகை பத்து மணிக்குத் தொடங்கவில்லை. முதலாளி ஆம்ப்ரோஸ் லவெல் ஒரு செய்தித்தாளைச் சுருட்டிக் கையில் வைத்துக்கொண்டு மேடையின் இந்தக் கோடிக்கும் அந்தக் கோடிக்கும் நடந்துகொண்டிருந்தார். கோரஸ் பெண்கள் பன்னிரண்டு பேரும் சுவரோரம் ஒண்டி நின்றார்கள். வாத்தியக்காரர்கள் கருவிகளை உறையிலிருந்து எடுக்காமலே உட்கார்ந்திருந்தார்கள்.

ஹெஸ்டர் பாஸ்கோ தன் தகரப்பெட்டியின் மேல் அமர்ந்து கம்பளிக் காலுறையைச் சரிசெய்துகொண்டிருந்தாள். அந்தப் பெட்டிதான் அவளுடைய உத்தியோகம். ‘சலவைக்காரச் சீமாட்டி’ என்ற நகைச்சுவை ஓபராவின் வாத்திய இசைத்தாள்கள் அத்தனையும் அதற்குள் இருந்தன. லண்டனிலிருந்து கப்பலில் வந்த மூலத்தைப் பார்த்து ஒவ்வொரு வாத்தியத்துக்கும் தனித்தனியாகப் பிரதி எடுத்தவள் அவளே. ஆட்டத்துக்கு முன் தாள்களை எடுத்து வைப்பாள். ஆட்டம் முடிந்ததும் எண்ணி உள்ளே வைத்துப் பூட்டுவாள். சாவி அவள் கழுத்தில் தொங்கும். நாற்பத்தாறு வயது. கார்னெட் ஊதிய புருஷன் செத்து ஒன்பது வருஷம் ஆகியிருந்தது. பிள்ளை குட்டி இல்லை.

“எல்லாரும் கேளுங்க,” என்றார் லவெல். “போன சனிக்கிழமை மேரிபரோவுல ஒரு கம்பெனி நாடகம் போட்டிருக்கு. டல்லிமோர்னு ஒரு ஆளாம். என்ன நாடகம்னு நினைக்கிறீங்க? ‘சலவைக்காரச் சீமாட்டி’! இந்த மொத்த ஆஸ்திரேலியாவுலயும் அதை ஆட எனக்கு மட்டும்தான் உரிமை. ஆட்டத்துக்கு ஆட்டம் லண்டனுக்குப் பங்கு கட்டிட்டு நான் ஆடுறேன். அவன் ஓசியில ஆடுறான்!”

“கடையில பியானோ புத்தகம் விக்குதே சார்,” என்றான் நாயகன் வேடக்காரன். “அதை வாங்கி வச்சு ஒப்பேத்தியிருப்பான்.”

“அப்படித்தான் நானும் நினைச்சேன். பத்திரிகைக்காரன் எழுதியிருக்கறதக் கேளு.” லவெல் தாளைப் பிரித்தார். “ ‘இரண்டாம் அங்கத்தில் பிரபு சலவைத்தொட்டிக்குள் தலைகுப்புற விழும்போது கிளாரினெட் எழுப்பிய கெக்கலிச் சிரிப்பில் கூடமே உருண்டது.’ போதுமா? கிளாரினெட் சிரிப்பு எந்தப் பியானோ புத்தகத்துல இருக்கு?”

எந்தப் புத்தகத்திலும் இல்லை. குழுவுக்குத் தெரிந்தவரை அது பெட்டிக்குள் மட்டும்தான் இருந்தது. எல்லோருடைய கண்களும் முதலில் பெட்டிக்குப் போயின. பிறகு பெட்டியின் மேல் உட்கார்ந்திருந்தவளிடம் வந்து நின்றன. ஹெஸ்டர் எழுந்துவிட்டாள்.

ஒத்திகை முடிந்ததும் லவெல் அவளைத் தனியே அழைத்தார். குரல் இப்போது மெதுவாக இருந்தது.

“உங்களை நான் ஒரு துளிகூட சந்தேகப்படல, மிஸஸ் பாஸ்கோ. உங்களை எனக்குத் தெரியாதா? ஆனா மெல்போர்ன்ல இருக்கிற லண்டன் ஏஜெண்டு பிரென்டிஸ் கடுதாசி போட்டிருக்கான். திருடனை நான் பிடிச்சுக் கொடுக்கலைன்னா உரிமையை ரத்து பண்ணிடுவானாம். வெள்ளிக்கிழமை நேர்ல வர்றான். நம்ம கூட்டத்துக்குள்ளதான் எவனோ எவளோ இருக்காங்க. நான் முதலாளி, என் முன்னாடி எல்லாரும் பல்லைக் காட்டுவாங்க. நீங்க மூலையில உக்காந்திருக்கிறவங்க. உங்க கண்ணுக்குத் தப்பாது.”

ஹெஸ்டருக்கு அந்த வார்த்தைகள் காலையில் எல்லோரும் பார்த்த பார்வையின் வலியைக் கொஞ்சம் ஆற்றின. பெட்டியைத் தவிர இன்னொரு முழுப் பிரதியும் உண்டு. கப்பலில் போகும்போது பெட்டி கடலில் மூழ்கிவிட்டால் என்ன செய்வது என்று லவெல் கேட்டதால் மார்ச் மாதம் அவளே எழுதிக் கொடுத்தது. அது மெல்போர்னில் ஒரு பாங்கின் இரும்பறையில் இருந்தது. ஆகவே களவு இங்கேதான் நடந்திருக்க வேண்டும். அவள் வேவு பார்க்கத் தொடங்கினாள்.

அதுவரை அவளுக்குப் பழக்கமான முகங்களாக இருந்தவை இரண்டே நாளில் மாறிப்போயின. கிளாரினெட்காரன் மதுக்கடையில் முன்பின் தெரியாதவனோடு தோளில் கைபோட்டுச் சிரித்தான், எதற்கு? நாயகன் வேடக்காரன் தன் தாளை ஒருநாள் விடுதிக்கு எடுத்துப்போய் மறுநாள் காலையில்தான் தந்தான், ஏன்? காப்பி வைத்த வட்டக் கறை ஒன்று புதிதாக வயலின் தாளில் இருந்தது. யாருடைய கோப்பை? இதெல்லாம் போன வாரமும் இருந்ததுதானா என்று அவளால் சொல்ல முடியவில்லை. சாப்பாட்டு மேசையில் ஆட்டிறைச்சிக் குழம்பைப் பரிமாறிக்கொண்டே யார் யாரோடு தாழ்ந்த குரலில் பேசுகிறார்கள் என்று பார்த்தாள். அவள் பார்ப்பதை அவர்களும் பார்த்தார்கள். பேச்சு நின்றது. பேச்சு நின்றதே அவளுக்கு இன்னொரு சாட்சியாகத் தோன்றியது.

வாத்தியக்குழுவை நடத்தும் ஓட்டோ லிண்ட்னரையும் அவள் விடவில்லை. முழு ஓபராவும் அந்தக் கிழவரின் தலைக்குள் இருந்தது. அவர் நினைத்தால் பெட்டியே தேவையில்லை. லிண்ட்னர் ஜெர்மனிக்காரர், அவளைத் தன் ஊர் வழக்கப்படி ‘ஃப்ராவ் பாஸ்கோ’ என்று கூப்பிடுவார்.

“என்ன ஃப்ராவ் பாஸ்கோ, என் மண்டையையும் பூட்டிச் சாவியைக் கழுத்துல மாட்டிக்கலாம்னு பாக்கறீங்களா?” என்று கேட்டுவிட்டார் செவ்வாய்க்கிழமை.

“சிரிக்கிற விஷயமா இது?”

“எனக்குச் சிரிப்புத்தான் வருது. நான் இந்த ஊருக்கு வந்தப்போ தங்கம் தோண்டறவங்க கூடாரத்துல வாசிச்சோம். இத்தாலிக்காரன் மெட்டு ஒண்ணு, அயர்லாந்துக்காரன் மெட்டு ஒண்ணு, எவனோடதா இருந்தா என்ன? நாலு கிண்டல் வரியை மேல போடு, பொம்பளைக்கு ஆம்பள கால்சட்டையை மாட்டு, கூத்து ரெடி. பாதிரியார் அந்தப் பக்கம் தலை வச்சுப் படுக்க மாட்டார். இப்போ பாருங்க, பாதிரியார் பொண்டாட்டி பிள்ளைகளோட முன் வரிசையில உக்காந்து கைதட்டுறார். கதை ஒழுங்கா இருக்கு, பாட்டு கதையோட ஒட்டி வருது. நல்லதுதான். ஆனா மெட்டுக்கு ஒரு முதலாளி, அவனுக்கு ஒரு வக்கீல், வக்கீலுக்கு ஒரு ஏஜெண்டு... தெருவுல விசிலடிக்கிறவனைக்கூட ஒருநாள் பிடிச்சு உள்ள போடுவாங்க.”

இப்படிப் பேசுகிறவனே திருடியிருக்கலாம் என்று ஹெஸ்டர் நினைத்தாள்.

அன்று மாலைதான் நோரா கின்செல்லா அவள் கண்ணில் விழுந்தாள். கோரஸில் மூன்றாவதாக நிற்கும் ஐரிஷ் பெண். இருபத்திரண்டு வயது, குழுவில் சேர்ந்து நான்கு மாதம். தன் வரிகள் முடிந்ததும் மற்றப் பெண்கள் பின்னால் போய்ப் பின்னலும் வம்புமாக உட்காருவார்கள். நோரா மட்டும் திரைக்கும் சுவருக்கும் இடையில் நின்று, சீமாட்டி பாடுவதைக் கேட்டுக்கொண்டே முழங்காலில் ஒரு சின்ன நோட்டை வைத்து எழுதினாள். ஹெஸ்டர் அந்தப் பக்கமாக நடந்தபோது நோட்டு சட்டென்று பாவாடைப் பைக்குள் போய்விட்டது.

புதன்கிழமை நோரா தபாலாபீஸுக்குப் போனாள். ஹெஸ்டர் தெருவின் எதிர்ப்பக்கமாகப் பின்தொடர்ந்தாள். அஞ்சல் வரிசையில் இரண்டு பேருக்குப் பின்னால் முக்காடு இழுத்து நின்று, தடித்த உறையின் மேல் எழுதியிருந்ததைப் படித்தாள். டி. ஷே, காசில்மெய்ன். டல்லிமோர் கூட்டம் அடுத்து ஆடப்போவது காசில்மெய்னில்தான் என்று அன்றைய பத்திரிகை சொல்லியிருந்தது.

அவள் நேராக லவெலிடம் போனாள். அவர் முழுவதையும் கேட்கும்வரைகூடப் பொறுக்கவில்லை.

“அவதான்! எனக்கு முதல்லயே பொறி தட்டிச்சு. நீங்க வயிறு நிறையச் சாப்பிட்டுத் தூங்குங்க மிஸஸ் பாஸ்கோ. குழுவைக் காப்பாத்திட்டீங்க.”

மறுநாள் காலை மேடையில் எல்லோர் முன்னாலும் நோராவின் நோட்டைப் பிடுங்கிப் பிரித்தார். பக்கம் பக்கமாக டோ, ரே, மி என்ற சுர எழுத்துகள், மேலே பாட்டு வரிகள். சீமாட்டியின் பாட்டுகள் எட்டும் ஒன்றுவிடாமல் இருந்தன.

“சீமாட்டி வேஷத்தைக் கத்துக்கிறேன் சார்,” என்றாள் நோரா. “கன்னியாஸ்திரி பள்ளிக்கூடத்துல இப்படித்தான் எழுதச் சொல்லிக் கொடுத்தாங்க. ஒருநாள் அந்தம்மாவுக்குத் தொண்டை கட்டினா நான் ஏறி நிக்கலாம்னு...”

“டி. ஷே யாரு?”

நோரா வாயைத் திறக்கவில்லை.

“தடியா கடுதாசி போறது யாருக்கு?”

“அது என் சொந்த விஷயம்.”

“கேட்டீங்களா!” என்று லவெல் கூட்டத்தைப் பார்த்துக் கையை விரித்தார். “சொந்த விஷயமாம்!”

பதினைந்து நிமிஷத்தில் நோரா தன் மூட்டையோடு பக்கவாசலில் நின்றாள். ஹெஸ்டரைக் கடக்கும்போது ஒரு கணம் நின்று சொன்னாள்: “நீங்க தபாலாபீஸுக்கு வந்ததை நான் பாத்தேன். முகத்தை மூடிட்டு வந்தீங்க. நான் மூடல.”

வெள்ளிக்கிழமை ஏஜெண்டு பிரென்டிஸ் வந்தார். ஒல்லியான, கறுப்புக் கையுறை போட்ட மனிதர். லவெல் நோட்டை மேசைமேல் வைத்தார். பிரென்டிஸ் புரட்டிப் பார்த்துத் தலையசைத்தார், இரண்டு டஜன் சிப்பியும் ஒரு புட்டி ஒயினும் சாப்பிட்டுவிட்டு அன்று மாலை ரயிலிலேயே திரும்பினார். எல்லாம் முடிந்துவிட்டது என்று குழு மூச்சு விட்டது. சாப்பாட்டு மேசையில் மறுபடியும் பேச்சு கிளம்பியது. ஆனால் ஹெஸ்டரின் பக்கத்து நாற்காலி மட்டும் காலியாகவே இருந்தது.

ஞாயிற்றுக்கிழமை குழு சாண்ட்ஹர்ஸ்டுக்கு ரயிலேறியது. ரயில் பெட்டியில் எதிரே உட்கார்ந்திருந்த லிண்ட்னர் குழாயில் புகையிலை அடைத்துக்கொண்டே சாதாரணமாகக் கேட்டார்.

“ஒரு சந்தேகம், ஃப்ராவ் பாஸ்கோ. அந்தப் பொண்ணோட நோட்டை நானும் பாத்தேன். எல்லாம் வாய்ப்பாட்டு. அதுல கிளாரினெட் எங்க இருந்துச்சு?”

ஹெஸ்டர் முகத்தைத் திருப்பிக்கொண்டாள். ஜன்னலுக்கு வெளியே தோண்டிப்போட்ட மண்மேடுகள் போய்க்கொண்டிருந்தன. நோட்டில் கிளாரினெட் இல்லை. வயலினும் இல்லை. அதை அவளும் பார்த்தாள்தான். பார்த்துவிட்டுப் பார்க்காததுபோல இருந்துவிட்டாள்.

காசில்மெய்ன் சாண்ட்ஹர்ஸ்டிலிருந்து ஒரு மணி நேர ரயில் பயணம். புதன்கிழமை சந்தை நாள் என்பதால் டல்லிமோர் கூட்டம் பிற்பகல் இரண்டு மணிக்கே ஆட்டம் வைத்திருந்தது. பல்வலி, வைத்தியரைப் பார்க்க வேண்டும் என்று பொய் சொல்லிவிட்டு ஹெஸ்டர் போனாள். பெட்டியின் சாவியை வாழ்க்கையில் முதல்முறையாக லவெலிடம் விட்டுவிட்டு வந்திருந்தாள்.

கூடத்தில் பண்ணைக்காரர்களும் அவர்கள் மனைவிமாரும் அடைந்து கிடந்தார்கள். ஈரக் கம்பளி வாடை. வாத்தியக்காரர்கள் ஏழே பேர். ஆனால் முதல் வரி எழும்பியதுமே ஹெஸ்டரின் முதுகு நிமிர்ந்தது. அது ஒப்பேற்றிய வாசிப்பு அல்ல. ஒவ்வொரு வாத்தியமும் அதனதன் இடத்தில் நுழைந்து அதனதன் இடத்தில் ஓய்ந்தது. பிறகு திரை விலகியது. சலவைத்தொட்டியின் முன் கைகளை முழங்கைவரை சுருட்டிவிட்டுக்கொண்டு சீமாட்டி நின்றாள். அது நோரா கின்செல்லா.

‘திருடி! என் கண் என்னை ஏமாற்றவில்லை’ என்று ஹெஸ்டருக்குள் ஏதோ துள்ளியது. அந்தச் சந்தோஷம் அவளுக்கே பின்னால் நினைக்கும்போதெல்லாம் கூச்சமாக இருந்தது. நோரா நன்றாகப் பாடினாள். லவெல் குழுவின் சீமாட்டியைவிட நன்றாக. தொட்டியில் பிரபு விழுந்ததும் கிளாரினெட் சிரித்தது, பண்ணைக்காரர்கள் தொடையைத் தட்டிக்கொண்டார்கள்.

இரண்டாம் அங்கம் முடிந்த இடைவேளையில் வாத்தியக்காரர்கள் பீர் குடிக்க வெளியே போனார்கள். ஹெஸ்டர் எழுந்து முன்வரிசைக் கம்பியருகே போனாள். கிளாரினெட்காரனின் தாங்கியில் தாள் திறந்திருந்தது. குனிந்து பார்த்தாள்.

அவளுடைய கையெழுத்து.

சந்தேகமே இல்லை. பக்கம் திருப்ப வேண்டிய இடத்தில் அவள் போடும் சின்னச் சுட்டுவிரல் படம், வால் நீண்ட எட்டாம் எண். மை பழுப்பு நிறம். பெட்டியில் இருப்பதெல்லாம் கறுப்பு மை. மார்ச் மாதத்தில் நல்ல கறுப்பு மை கிடைக்காமல் பழுப்பு மையில் அவள் எழுதியது ஒரே ஒரு பிரதி. பாங்கின் இரும்பறையில் இருக்க வேண்டிய பிரதி.

அவள் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றாள். பிறகு யாரும் பார்க்கவில்லை என்று உறுதி செய்துகொண்டு, அந்தத் தாளுக்கு அடியிலிருந்து, ஆடி முடித்த முதல் அங்கத்துத் தாளை உருவிக் கோட்டுக்குள் வைத்துக்கொண்டாள்.

ஆட்டம் முடிந்ததும் பின்கட்டுக்குப் போனாள். நோரா கண்ணாடி முன் முகப்பூச்சைத் துடைத்துக்கொண்டிருந்தாள். பக்கத்தில் ரயில்வே போர்ட்டர் சீருடையில் ஒரு வாலிபன் ஸ்டூலில் உட்கார்ந்து ரொட்டி தின்றுகொண்டிருந்தான்.

“இவர்தான் டி. ஷே,” என்றாள் நோரா, கண்ணாடியைப் பார்த்தபடியே. “டான் ஷே. என் புருஷன். கல்யாணம் ஆன பொண்ணுங்களை லவெல் கோரஸ்ல சேக்க மாட்டார்னு உங்களுக்குத் தெரியுமில்ல? அன்னிக்கு வாயைத் திறந்திருந்தா அதுக்காகத் துரத்தியிருப்பார். திறக்கல, இதுக்காகத் துரத்தினார்.”

“நீ... இந்தக் கூட்டத்துக்கு எப்படி?”

“வேற எந்தக் கூட்டம் என்னைச் சேக்கும்? ‘திருடி’ன்னு ஊரெல்லாம் பேர் வாங்கிக் கொடுத்தீங்களே. இங்க சீமாட்டிக்குக் காய்ச்சல். எட்டுப் பாட்டும் எனக்கு மனப்பாடம். அன்னிக்கே ஏத்திட்டாங்க.” அவள் திரும்பினாள். “எதுக்கு வந்தீங்க? இங்கயும் என்னைப் பிடிச்சுக் கொடுக்கவா?”

“நோரா, அந்தத் தாளெல்லாம் நான் எழுதினது.”

“தெரியுமே. நாலு மாசமா உங்க கையெழுத்தைப் பாத்தவதானே. முதல்ல நீங்கதான் வித்திருப்பீங்க, வித்துட்டு என் தலையில கட்டிட்டீங்கன்னு நினைச்சேன். ராத்திரியெல்லாம் உங்களைச் சபிச்சேன்.”

“அப்புறம்?”

டான் ஷே ரொட்டியைக் கீழே வைத்தான். “ஞாயித்துக்கிழமை சாயங்காலம் உங்க முதலாளி இங்க வந்தாரும்மா. நீங்கல்லாம் சாண்ட்ஹர்ஸ்டுக்குப் போயிட்டீங்க, அவர் மட்டும் நடுவுல இறங்கிட்டார். நான்தான் அவர் பையைத் தூக்கிட்டுப் போனேன். டல்லிமோர் அவர் முன்னாடி தொப்பியைக் கழட்டிட்டு நிக்கிறான், வேலைக்காரன் கணக்கா.”

“டல்லிமோருக்கு முதலாளியே லவெல்தான்,” என்றாள் நோரா. “ஒரு கம்பெனிக்கு லண்டனுக்குப் பங்கு கட்டறார். இன்னொண்ணுக்குக் கட்டறதில்ல. அவ்வளவுதான் விஷயம். ஏஜெண்டு மோப்பம் பிடிச்சதும் ஒரு திருடி தேவைப்பட்டா. நீங்க பிடிச்சுக் கொடுத்தீங்க.”

ஹெஸ்டருக்கு ‘உங்க கண்ணுக்குத் தப்பாது’ என்று லவெல் சொன்னபோது தன் மனம் குளிர்ந்தது நினைவுக்கு வந்தது.

வியாழக்கிழமை காலை ஒத்திகையில் எல்லோரும் கூடியிருந்தபோது அவள் மேடைக்கு நடுவில் போய் நின்றாள். நாற்பது பேர் முன்னால் அவள் பேசியதே இல்லை. கோட்டுக்குள்ளிருந்து தாளை எடுத்தாள்.

“நோரா எதையும் திருடல. இது டல்லிமோர் கூட்டத்துத் தாள். நேத்து நானே எடுத்துட்டு வந்தேன். மார்ச் மாசம் மிஸ்டர் லவெல் கேட்டு நான் எழுதிக் கொடுத்த ரெண்டாவது பிரதி இது. பாங்குல இருக்கிறதா சொன்னாரு. பாங்குல இல்ல.”

லவெல் கோபப்படவில்லை. அவளிடமிருந்து தாளை வாங்கி வெளிச்சத்தில் பிடித்தார். வருத்தப்பட்டவர்போலத் தலையை ஆட்டினார்.

“இது யார் கையெழுத்து, மிஸஸ் பாஸ்கோ?”

“என்னோடதுதான். அதைத்தான்...”

“பல்வலின்னு சொல்லிட்டு நேத்து எங்க போயிருந்தீங்க?”

“காசில்மெய்னுக்கு.”

“டல்லிமோர் இருக்கிற ஊருக்கு. பொய் சொல்லிட்டு.” அவர் கூட்டத்தின் பக்கம் திரும்பினார். “கையெழுத்து அவங்களோடது. போனது அவங்க. பெட்டி சாவியும் அவங்ககிட்ட. ரெண்டு பிரதி எழுதினவங்க மூணாவது ஒண்ணு எழுதியிருக்க மாட்டாங்கன்னு யாரால சொல்ல முடியும்? ஒரு சின்னப் பொண்ணு மேல பழியைப் போட்டாங்க. அது ஒட்டலைன்னதும் இப்போ என் மேல.”

ஹெஸ்டர் ஒவ்வொரு முகமாகப் பார்த்தாள். கிளாரினெட்காரன், நாயகன், கோரஸ் பெண்கள். போன வாரம் அவள் அவர்களைப் பார்த்த அதே பார்வையால் அவர்கள் இப்போது அவளைப் பார்த்தார்கள். கண்ணைக் கொஞ்சம் இடுக்கி, உதட்டை இறுக்கி. கடைசியாக லிண்ட்னரைப் பார்த்தாள். மார்ச்சில் இரண்டு பிரதிகளையும் ஒப்பிட்டுத் திருத்திக் கொடுத்தவர் அவர். பழுப்பு மை அவருக்குத் தெரியும். லிண்ட்னர் குனிந்து வயலின் வில்லுக்குப் பிசின் தடவிக்கொண்டிருந்தார். தடவிக்கொண்டே இருந்தார்.

அவளை அன்றே கணக்கு முடித்து அனுப்பிவிட்டார்கள்.

ஸ்டேஷனில் மெல்போர்ன் ரயிலுக்குக் காத்திருந்தபோது லிண்ட்னர் மூச்சிரைக்க வந்து சேர்ந்தார். தொப்பியைக் கையில் வைத்துச் சுற்றிக்கொண்டே நின்றார்.

“எனக்கு அறுபத்தெட்டு வயசு, ஃப்ராவ் பாஸ்கோ. இந்த வேலை போச்சுன்னா எனக்கு இன்னொண்ணு கிடைக்காது.”

“நான் எதுவும் கேக்கலையே.”

“கேட்டிருக்கணும். திட்டியிருக்கணும்.” அவர் சட்டைப்பையிலிருந்து மடித்த காகிதம் ஒன்றை எடுத்து நீட்டினார். “ரெண்டு பிரதி, ரெண்டாவது பழுப்பு மை, நானே என் கண்ணால சரிபாத்து லவெல் கையில கொடுத்தேன்னு எழுதிக் கையெழுத்து போட்டிருக்கேன். ஏஜெண்டுகிட்டக் கொடுங்க. இன்னொரு தாளும் உள்ள இருக்கு. அந்தக் கூட்டத்து வயலின் தாள். உங்ககிட்ட சேக்கச் சொல்லி ஷேன்னு ஒரு பையன் ரயில் கார்டுகாரர் கையில கொடுத்து அனுப்பியிருந்தான்.”

ரயில் வரும்வரை அவர் கூடவே நின்றார்.

மெல்போர்னில் பிரென்டிஸ் அவளை நாற்காலியில் உட்காரச் சொல்லவில்லை. தாளை இரண்டு விரல்களால் பிடித்துப் பார்த்தார்.

“இதைச் சொல்றதுல உங்களுக்கு என்ன லாபம்?”

“ஒண்ணுமில்ல சார்.”

“ஒண்ணுமில்லாம எவனும் இந்தப் படியேறி வர்றதில்ல.”

“நம்ப வேணாம் சார். பாங்குல இருக்கிற பிரதியைக் கொண்டுவரச் சொல்லுங்க. இருந்தா நான் திருடி. இல்லைன்னா இல்ல.”

பிரென்டிஸ் முதல்முறையாக அவள் முகத்தை நிமிர்ந்து பார்த்தார். அன்றே தந்தி போனது. நாளைக்கு வருகிறேன் என்றார் லவெல். பிறகு திங்கட்கிழமை என்றார். திங்கட்கிழமை பிரதிக்குப் பதிலாக அவருடைய வக்கீல் வந்தார்.

நியாயம் கிடைத்தது என்று சொல்ல முடியாது. இந்த நாட்டில் லண்டன் ஓபராவை லவெல் அளவுக்கு நடத்திக் காட்ட வேறு ஆள் இல்லை என்பது பிரென்டிஸுக்குத் தெரியும். மூடிய கதவுக்குள் பேசி முடித்தார்கள். பழைய பாக்கியை லவெல் கட்டினார். டல்லிமோர் கூட்டம் ‘லவெல் இரண்டாம் குழு’ என்று பெயர் மாறி, சட்டப்படி, புதிய சுவரொட்டிகளோடு கிளம்பியது. நோராவைச் சீமாட்டியாகவே வைத்துக்கொண்டார்கள். கல்யாணம் ஆன விஷயத்தை யாரும் கேட்கவில்லை. லிண்ட்னரின் வேலையும் போகவில்லை. ஹெஸ்டரை மட்டும் எந்தக் குழுவும் கூப்பிடவில்லை. முதலாளியின் தாளை ஏஜெண்டிடம் கொண்டுபோய்க் கொடுத்தவள் என்று ஒரு சாரார், அந்த ஐரிஷ் பெண்ணைக் காட்டிக் கொடுத்தவள் என்று இன்னொரு சாரார். இரண்டும் உண்மைதான் என்பதால் அவள் மறுக்கவில்லை. வாத்தியக்கடை ஒன்றின் பின்னறையில் நடன இசைக்குப் பிரதி எடுத்துப் பிழைத்தாள்.

இரண்டு வருஷம் கழித்து இரண்டாம் குழு மெல்போர்னுக்கு வந்தது. சுவரொட்டியில் நோரா கின்செல்லாவின் பெயர் நாடகத்தின் பெயரைவிடப் பெரிதாக இருந்தது. ஹெஸ்டர் மூன்று நாள் யோசித்துவிட்டு நான்காம் நாள் மதியம் பின்வாசலுக்குப் போனாள். காவலாளி உள்ளே கேட்டு வந்து, போகச் சொன்னான்.

நோராவுக்கு உடம்பு கொஞ்சம் பூசியிருந்தது. மேசையில் ஒரு தட்டில் பாதி தின்ற, இறைச்சி அடைத்த அப்பம். அவள் எழுந்திருக்கவில்லை, போகச் சொல்லவும் இல்லை.

“மன்னிப்புக் கேக்க வந்தேன்,” என்றாள் ஹெஸ்டர். “அன்னிக்கே கேட்டிருக்கணும். வாய் வரல.”

நோரா ஒரு கொண்டை ஊசியைத் திருகிக்கொண்டிருந்தாள்.

“அன்னிக்கு என் மூட்டையைத் தூக்கிட்டு ஸ்டேஷன்வரைக்கும் நடந்தேன், மிஸஸ் பாஸ்கோ. கோரஸ் பொண்ணுங்க ஒருத்தியும் கூட வரல. எல்லாம் என் தோழிங்க. அது இன்னும் போகல.”

“போகாது.”

“நீங்க ஏஜெண்டுகிட்டப் போனதும் தெரியும். டான் சொல்லிட்டே இருப்பார். அதனாலதான் உள்ள விட்டேன்.” நோரா மேசை இழுப்பறையைத் திறந்து ஒரு தாளை எடுத்தாள். “மூணாவது பாட்டு எனக்கு ரொம்ப மேல போகுது. பிள்ளை பெத்தப்புறம் தொண்டை முன்னமாதிரி இல்ல. ஒரு சுரம் கீழ இறக்கி, எல்லா வாத்தியத்துக்கும் எழுதணும். எங்க பிரதிக்காரன் தப்புத்தப்பா எழுதறான். உங்களால முடியுமா?”

“முடியும். இப்பவே எடுத்துட்டுப் போய் நாளைக் காலையில...”

“எடுத்துட்டுப் போக வேணாம்,” என்றாள் நோரா. சட்டென்று வந்த குரல். பிறகு கொஞ்சம் தணிந்து, “இங்கயே உக்காந்து எழுதுங்க,” என்றாள்.

ஹெஸ்டர் கையுறையைக் கழற்றினாள். நோரா மைப்புட்டியை நகர்த்தி வைத்துவிட்டு, தன் நாற்காலியை இழுத்து அவள் முழங்கைக்கு அருகே போட்டுக்கொண்டாள். ஒவ்வொரு வரி முடியும்போதும் குனிந்து, மெல்லிய குரலில் அதைப் பாடிப் பார்த்தாள். சரியாக இருந்தால் ஒன்றும் சொல்லவில்லை. ஹெஸ்டர் அடுத்த வரியைத் தொடங்கினாள்.